என் கைகள் நடித்த படம்

ப்ரோக்கன் ஹில், ஆஸ்திரேலியா,
மார்ச் 14

அன்புள்ள ஜோஸ்லினுக்கு,

நலமா என்று கேட்க வேண்டியதில்லை. உன் நலம் வாரந்தவறாமல் பத்திரிகைகளில் வந்துவிடுகிறது. நாங்கள் இங்கே இருக்கிறோம். வெயில் இன்னும் குறையவில்லை. அம்மாவின் மூச்சிரைப்பும் குறையவில்லை. அதைப் பற்றிப் பிறகு எழுதுகிறேன்.

உன் கடிதம் உன் உதவியாளப் பெண் மூலமாக வந்து சேர்ந்தது. உன் வாழ்க்கைக் கதையைப் புத்தகமாகக் கேட்கிறார்கள், உனக்கு எழுத நேரமில்லை, அதனால் நான் எழுதித் தரவேண்டும், அட்டையில் உன் பெயர் மட்டும் இருக்கும். அப்படித்தானே? "உனக்குத்தான் எழுத்து தண்ணி மாதிரி வருமே ரே. எனக்கு உன்ன விட்டா யாரு இருக்கா?" என்று கேட்டிருக்கிறாய். முதலில் நம் பழைய நாட்களில் எனக்கு நினைவிருப்பதைக் குறிப்பாக எழுதி அனுப்பச் சொல்லியிருக்கிறாய். மின்னஞ்சல் அனுப்பினால் அந்தப் பெண்தான் முதலில் படிப்பாள் என்பதால் கையால் எழுதுகிறேன். நீ கேட்ட குறிப்பு இதுதான்.

நாம் சந்தித்தது மெல்பர்னில், 'துறைமுகக் காவல்' தொடரில். நான் போலீஸ்காரி, நீ கடத்தல்காரனின் மனைவி. மேக்கப் வண்டிக்குள் இருந்தது ஒரே ஒரு மின்விசிறி. அதை உன் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டு நீ ஒருநாள் சொன்னாய்: "இந்த ஊர்ல கெடந்தா போலீஸ், நர்ஸு, இல்லன்னா செத்த பொணம். இதத் தவிர பொம்பளைக்கு வேஷமே கெடையாதுடி. நான் லாஸ் ஏஞ்சல்ஸ் போறேன். நீயும் வா." அப்பா இறந்துபோய், அம்மா தனியாக ஆட்டுக் கொட்டகைகளில் சமைத்துக்கொண்டிருந்த காலம் அது. என்னால் வர முடியவில்லை. விமான நிலையத்துக்கு உன்னை என் காரில்தான் கொண்டுபோய் விட்டேன். இதைப் புத்தகத்தில் போடலாம். வாசகர்களுக்குப் பிடிக்கும்.

நீ போன பிறகு நான் பல வருஷங்கள் அதே போலீஸ் சட்டையில் இருந்தேன். சூப்பர் மார்க்கெட்டில் ஆட்கள் இரண்டு கையையும் நீட்டி, "மேடம், எங்களக் கைது பண்ணுங்க" என்பார்கள். எனக்கு அது பிடித்திருந்தது, மறைக்க மாட்டேன். பிறகு தொலைக்காட்சி நிலையத்துக்குப் புது நிர்வாகி வந்தான். என்னைக் கூப்பிட்டுக் காபி கொடுத்து, "ஜனங்க இளசா ஒரு மூஞ்சி கேக்குறாங்க, ரே. தப்பா எடுத்துக்காதீங்க" என்றான். அடுத்த மாதம் படகு வெடித்துச் செத்தேன். இரண்டு விளம்பர இடைவேளைக்கு நடுவில் என்னை அடக்கமும் செய்துவிட்டார்கள்.

எழுதத் தொடங்கியது அதற்கு முன்பே. என் காட்சி வரும்வரை வண்டிக்குள் காத்திருந்த நேரங்களில், வசனத் தாள்களின் பின்பக்கத்தில். முதல் இரண்டு நாவல்களுக்கும் நல்ல பெயரும் வரவில்லை, கெட்ட பெயரும் வரவில்லை. புத்தகக் கடைகளில் கையெழுத்து வாங்க வந்தவர்கள், "நீங்க அந்தப் போலீஸ்காரிதானே? எழுதக்கூடச் செய்வீங்களா?" என்று கேட்டார்கள். எழுத்தாளர் கூட்டங்களில் என்னை நடிகை என்று அறிமுகப்படுத்தினார்கள். நடிப்புத் தேர்வுக்குப் போனால், "நீங்கதான் இப்ப எழுத்தாளராச்சே" என்று அனுப்பி வைத்தார்கள். இரண்டு வீட்டுக்கும் நான் விருந்தாளிதான். எந்த வீட்டிலும் எனக்குப் படுக்கை கிடையாது.

மூன்றாவது நாவல் 'எட்னாவின் அடுப்பு'. எட்னா என்பது என் அம்மா மெர்ல்தான் என்று உனக்குத் தெரியும். ஆட்டு ரோமம் கத்தரிக்க வரும் ஆட்களுக்குக் கொட்டகை கொட்டகையாகப் போய்ச் சமைத்துப்போட்டவள். சாப்பாட்டு நேரத்தில் ஒரு லாரிக்காரன் வந்து, சுரங்கத்தில் புருஷன் செத்துப்போனான் என்று சொல்கிறான். அவள் எல்லோருக்கும் சூப்பை ஊற்றி முடித்துவிட்டு, அதன் பிறகுதான் சமையல் மேலங்கியைக் கழற்றுகிறாள். அந்தக் காட்சிக்காகத்தான் நான் முழு நாவலையும் எழுதினேன்.

அந்தக் காட்சிக்காகத்தான் டேமியனும் படமாக்கும் உரிமையை வாங்கினான். நம் தயாரிப்பாளர்களில் அவன் நல்லவன் என்று இன்றும் சொல்வேன். மெல்பர்னில், கார்ல்டன் பகுதியில் அவன் அம்மா நடத்தும் கடையில் என்னை உட்கார வைத்துச் சொன்னான்: "எட்னா நீங்கதான் ரே. வேற யாரையும் என்னால நெனச்சே பாக்க முடியல." திரைக்கதையை நானே எழுதினேன். ஒவ்வொரு வசனத்தையும் என் வாயில் போட்டுப் பார்த்து, என் மூச்சுக்கு ஏற்றபடி வெட்டினேன். அந்தச் சட்டையை என் உடம்புக்குத்தான் தைத்தேன், ஜோஸ்.

நீ எட்னாவாக நடிக்கப்போகிறாய் என்று எனக்கு யார் சொன்னது தெரியுமா? எனக்கு முடிதிருத்துகிற பெண். தலை முழுக்கச் சாயத்தைப் பூசிவிட்டு, "உங்க கதையில ஜோஸ்லின் ஃபெரிஸ் நடிக்கிறாங்களாமே! பேப்பர்ல போட்டுருக்கான். எவ்ளோ பெருமை உங்களுக்கு!" என்றாள். சாயம் பிடிக்கும்வரை எழுந்திருக்கவும் முடியாது. கண்ணாடியில் என்னையே பார்த்துக்கொண்டு, "ஆமா, ரொம்பப் பெருமை" என்றேன்.

டேமியன் போனில் கிட்டத்தட்ட அழுதான். "பணம் போடுறவங்க அமெரிக்காக்காரங்க. உங்க பேரச் சொன்னா 'யாரு அது?'ங்கறாங்க. நீங்க வேணும்னா படமே இல்ல. நான் என்ன பண்ணட்டும் ரே, நீங்களே சொல்லுங்க." நான் என்ன சொல்வது? நீ பேசுவாய் என்று காத்திருந்தேன். பூங்கொத்துதான் வந்தது. 'உன் எட்னாவைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்வேன்' என்று அதிலிருந்த அட்டையில் அச்சடித்திருந்தது. ஆமாம், அச்சடித்திருந்தது.

பிறகு நீ இங்கே வந்தாய். உன் பேச்சிலிருந்து இந்த நாடு போய் வெகுகாலமாகியிருந்தது. அதைத் திரும்பக் கற்றுக்கொள்ள என் அம்மாவின் வீட்டுக்கு வந்து சமையலறையில் உட்கார்ந்தாய். முதல் நாள் அம்மா உன்னைப் பார்த்து, "இவ்ளோ ஒல்லியா இருந்தா, ஆட்டுக்காரப் பயலுக இவ சமையல நம்பவே மாட்டானுங்க" என்றாள். நீ விழுந்து விழுந்து சிரித்தாய். அன்றிலிருந்து இரண்டு பேரும் சிநேகிதிகள். நான் வெளியே வராந்தாவில் வசனம் திருத்திக்கொண்டிருப்பேன். உள்ளேயிருந்து அம்மாவின் சிரிப்பு கேட்கும். அப்பாவோடு முதல்முதலில் நடனமாடப்போன கதையை உன்னிடம் சொல்லிக்கொண்டிருந்தாள். எனக்கு அவள் சொல்லாத கதை. நான் கதவைத் திறந்ததும் நிறுத்திவிட்டு, "டீ வேணுமா கண்ணு?" என்று கேட்டாள்.

மாவு பிசையும் காட்சியில் உனக்குக் கை வரவில்லை. மாவு உன் விரல்களில் ஒட்டியது, நகம் உடைந்தது, நீ கெட்ட வார்த்தையில் திட்டினாய். டைரக்டர் ஃப்ரேயா என்னிடம் வந்தாள். "கோவிச்சுக்காதீங்க ரே. உங்க கைய மட்டும் குடுங்களேன்." எட்னாவின் சட்டையை எனக்குப் போட்டுவிட்டார்கள். என் முகம் தெரியாதபடி கேமராவைத் தாழ்த்தினார்கள். பிசைந்தேன், ஆட்டுத்தொடையை வெட்டினேன், சூப்பை ஊற்றினேன். லாரிக்காரன் சொல்லி முடித்த பிறகு கரண்டி ஒரே ஒரு தடவை கிண்ணத்தின் விளிம்பில் தட்டுமே, அதுவும் என் கைதான்.

மறுநாள் அதே காட்சிக்கு உன் முகத்தை எடுக்க வேண்டியிருந்தது. காலையிலிருந்து எடுத்தும் சரியாக வரவில்லை. நீ என்னைக் கொட்டகைக்குப் பின்னால் கூட்டிக்கொண்டு போனாய். "ஒரே ஒரு தடவ செஞ்சு காட்டுடி. ஒனக்குள்ள எப்பிடித்தான் இருக்குன்னு பாத்துக்கறேன்." ஈ மொய்த்துக்கொண்டிருந்தது. செம்புழுதியில் நின்று செய்து காட்டினேன். என் வாழ்க்கையில் நான் அவ்வளவு நன்றாக நடித்ததில்லை. பார்த்தவள் நீ ஒருத்திதான். நீ என் முகத்தைப் பார்த்த பார்வை எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. சட்டை வாங்க வந்தவள் தையலைப் பார்க்கிற பார்வை. உடனே உள்ளே போனாய், ஒரே தடவையில் முடித்தாய்.

நன்றாகச் செய்தாய். அதை எழுதாமல் விட்டால் நான் பொய் சொன்னவளாவேன். நன்றாகவே செய்தாய்.

சிட்னியில் முதல் காட்சி நடந்தபோது அம்மாவையும் கூட்டி வந்திருந்தேன். படம் முடிந்து நீ மேடைக்கு வந்தாய். ஒரு கல்லூரிப் பெண் எழுந்து, அந்த மாவு பிசையும் காட்சிக்கு எப்படித் தயாரானீர்கள் என்று கேட்டாள். நீ தோளைத் தடவிக்கொண்டே சொன்னாய்: "மூணு வாரம் பிசைஞ்சேன். இன்னும் வலிக்குது!" அரங்கமே சிரித்தது. அம்மா என் பக்கம் சாய்ந்தாள்.

"அது ஒன் கைதானே?"

"ஆமாம்மா."

"பின்ன அவ ஏன் அப்பிடிச் சொல்றா?"

"சினிமான்னா அப்பிடித்தாம்மா."

அம்மா மேடைப் பக்கம் திரும்பி, "மூஞ்சிதானே அழுவுது. ஜனங்க மூஞ்சியத்தான் பாப்பாங்க" என்று சொல்லிவிட்டு எல்லோரோடும் சேர்ந்து கைதட்டினாள். அவள் தட்டும்போது நான் சும்மா இருந்தால் நன்றாக இருக்காது. நானும் தட்டினேன்.

விருது வாங்கிய இரவில் டேமியனுக்கும் ஃப்ரேயாவுக்கும் உன் நாய்க்கும் 'ப்ரோக்கன் ஹில் மக்களுக்கும்' நன்றி சொன்னாய். நானும் இந்த ஊர்க்காரிதானே, எனக்கும் சேர்த்துத்தான் சொன்னாய் என்று எடுத்துக்கொண்டேன். நாவலை மறுபதிப்புப் போட்டார்கள். அட்டையில் உன் முகம். போன மாதம் நூலகத்தில் ஒருத்தி அதை என்னிடம் நீட்டி, "இது அவங்க எழுதினதுதானே?" என்று கேட்டாள். நான் கையெழுத்துப் போட்டதும், புத்தகத்தைப் பாழாக்கிவிட்டேன் என்பதுபோல் பார்த்தாள்.

ஆகவே ஜோஸ், உன் புத்தகத்தை நான் எழுத மாட்டேன். என் புத்தகம் ஒன்றின் மேல் ஏற்கெனவே உன் முகம் இருக்கிறது. அது போதும். எழுதுவதற்கு உனக்கு வேறு ஆட்கள் கிடைப்பார்கள். மேலே உள்ளதில் எது வேண்டுமோ எடுத்துக்கொள். எடுத்துக்கொள்ள உனக்குச் சொல்லித்தரத் தேவையில்லை.

என் பிழைப்பைப் பற்றிக் கேட்டிருந்தாய். காது கேட்கும் கருவி விளம்பரம் ஒன்று முடித்தேன். ஒரு துப்பறியும் தொடரில் கொலையானவனின் அம்மாவாக ஒரு காட்சி. அழ விடவில்லை, நேரமில்லை என்றார்கள். அடிலெய்டிலிருந்து வந்த நாடக வாய்ப்பை வேண்டாம் என்றேன். அம்மாவை விட்டு நகர முடியாது.

அம்மாவுக்கு நுரையீரல் போய்விட்டது. காலமெல்லாம் விறகுப் புகை. டாக்டர் அடுத்த வாரத்தைப் பற்றிப் பேசுகிறார், அதற்கடுத்ததைப் பற்றியும் பேசுகிறார். குளிர்காலத்தைப் பற்றி மட்டும் பேசுவதில்லை. அவள் தெளிவாகத்தான் இருக்கிறாள். ஜன்னலோரம் நாற்காலி போட்டுத் தெருவில் போகிறவர்களையெல்லாம் குறை சொல்கிறாள். போன வாரம் சொன்னாள்: "அந்தப் பொண்ண ஒரு தடவ வரச் சொல்லு ரே." எந்தப் பெண் என்று தெரியாததுபோல் கேட்டேன். "படத்துல நானா நடிச்சாளே, அந்தப் பொண்ணு." எதற்கு என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது. "அவகிட்டப் பேசுனா சிரிப்பு வருது கண்ணு. ஒங்கிட்டப் பேசுனா எதையாவது எழுதிருவியோன்னு வாயத் தொறக்கவே பயமா இருக்கு."

அப்போதும் நான் அவளுக்குத் தலையணையைச் சரிசெய்து கொடுத்தேன்.

நீ வரவேண்டாம் என்றுதான் இந்தக் கடிதத்தை எழுத உட்கார்ந்தேன். ஆனால் கேட்பது அவள். அதனால் வா. அடிலெய்டிலிருந்து சின்ன விமானம் இருக்கிறது, நான் வந்து அழைத்துக்கொள்கிறேன். உதவியாளப் பெண்ணும் வேண்டாம், படமெடுக்கிறவர்களும் வேண்டாம். என் அறையை உனக்குத் தருகிறேன், நான் கூடத்தில் படுத்துக்கொள்வேன். நீங்கள் இரண்டு பேரும் பேசும்போது வெளியே போய்விடுவேன், கதவைத் திறக்க மாட்டேன். நான் எப்படி நடந்துகொள்வேனோ என்று பயப்படாதே. அவள் எதிரில் உன்னைக் கட்டிப்பிடிப்பேன், பழைய கதை பேசுவேன், நீ சிரிக்கிறபோது கூடச் சிரிப்பேன். எனக்கும் நடிக்கத் தெரியும், ஜோஸ்.

குளிர் வருவதற்குள் வந்துவிடு.

இப்படிக்கு,
ரேலீன்