மூன்றாம் பெட்டி

நாரணாபுரம்,
ஞாயிற்றுக்கிழமை.

அன்பு மகள் எழிலுக்கு, உன்னைப் பெறாமலே பத்து வயதிலிருந்து வளர்த்து ஆளாக்கிய சித்தப்பா எழுதுவது. இங்கே நானும் நாற்பது கோழிகளும் நலம், நார்வேக் குளிரில் நீயும் மாப்பிள்ளையும் நலமா. இருக்கன்குடி மாரியம்மன் சாட்சியாக, உலகத்தில் ஒருவரும் நம்பமாட்டாத கதை ஒன்றைச் சொல்லப்போகிறேன். போனில் சொன்னால் குரலை வைத்தே கண்டுபிடித்துவிடுவாய், அதனால்தான் காகிதம்.

உன் சித்தி பொன்மணி போய்ச் சேர்ந்து நேற்றோடு அறுபது நாள். கோழித் தீனிக்காக அவள் வளர்த்த சுவர்க்கோழிப் பூச்சிகள் ஆறு பெட்டி இருக்கின்றன, கோழிக்குக் கோழியே இரையா என்று நான் கேலி செய்வேனே, அந்த ராஜ்யத்தை இப்போது நான்தான் ஆள்கிறேன். முப்பது வருடம் பட்டாசுக் கம்பெனியில் மருந்து கலந்து என் மூக்கு இப்போது கண்ணாடியைத் தாங்க மட்டும்தான் உதவுகிறது, ஆகவே நாற்றம் பார்க்கும் இலாகா முழுக்க அவளுடையது. விடிந்ததும் பெட்டி பெட்டியாகத் தலையை விட்டு மோந்து பார்த்து, ஏ மனுசா, மூணாம் பெட்டியில ஈரம் ஏறிருச்சு, பூச்சிக்கு வச்ச வெள்ளரித்துண்ட நேத்தே எடுக்கச் சொன்னேன்ல, காதுல மருந்தா அடைச்சிருக்கீக என்று தொடங்குவாள். செத்த பூச்சியைப் பொறுக்கி, பூச்சிகள் ஒண்டிக்கொள்ளும் முட்டை அட்டையை வெயிலில் காயவைத்து, அடியில் கிடக்கும் தாளை மாற்றும்வரை விடமாட்டாள். அதுவும் அச்சாபீஸில் வெட்டிக் கழித்த வெள்ளைத்தாளாக இருக்க வேண்டும், ஒரு பொட்டு மை பட்டிருந்தாலும் என்னையே பெட்டிக்குள் போட்டு மூடியிருப்பாள்.

போன வாரம் மூன்றாம் பெட்டி நாறியது. சாதாரண நாற்றமா அது! ஆனைக்குட்டம் அணையில் கொக்குகள் மூக்கைப் பொத்த வழியில்லாமல் தண்ணீருக்குள் முங்கின. சிவகாசி பஸ் நம் நிறுத்தத்தில் நிற்காமல் சாத்தூர் போய்த்தான் மூச்சு விட்டது. கடைசியில் பக்கத்து வீட்டுக் குருவம்மாள் முந்தானையால் மூக்கை மூடிக்கொண்டு வந்து, ஏண்ணே, பொணம் கெடந்த மாதிரி நாறுதே, உள்ள என்னத்த வச்சிருக்கீக என்று கத்தினாள். கத்திய பிறகுதான் நாக்கைக் கடித்தாள். அவள் நின்ற வாசலில்தானே உன் சித்தியைக் கிடத்தியிருந்தோம். பிறகு குருவம்மாளே சேலையைச் செருகிக்கொண்டு பெட்டியில் இருந்ததை அள்ளிக் கொட்டினாள், பாதிப் பூச்சி செத்துக் கிடந்தது. ஒத்தையில இம்புட்டையும் வச்சு என்ன செய்வீக, யாருக்காச்சும் குடுத்துருங்கண்ணே என்றாள். பொன்மணி வைத்துவிட்டுப் போனதை எப்படிக் கொடுப்பேன், தினம் காலையில் நீ வந்து மோந்து பார்த்துத் திட்டிவிட்டுப் போ என்று கேட்டுக்கொண்டேன். வருகிறாள். மோந்து பார்க்கிறாள். திட்டத்தான் தெரியவில்லை, மரியாதையாகப் பேசுகிறாள்.

பனியில் வெளியே போகும்போது காதை மூடிக்கொள். மாப்பிள்ளையைப் பட்டினி போடாதே. இருவரும் ஒரு குறையுமில்லாமல் நூறு வருடம் சண்டை போட்டு வாழுங்கள். மாதம் ஒரு தடவையாவது போனில் என்னை ஏசு, மறந்துவிடாதே.

இப்படிக்கு,
ஆறு பெட்டிகளின் சக்கரவர்த்தி,
உன் சித்தப்பா செல்லச்சாமி.

கொக்கு, பஸ் எல்லாம் புளுகு. ஒன்றே ஒன்று உண்மை. வெள்ளரித்துண்டு அழுகிக் கிடந்ததை நான் பார்த்தேன். எனக்கு மூக்குத்தான் இல்லை, கண் இருக்கிறது. நாறினால் இந்த வீட்டில் மறுபடி ஏச்சு விழுமே என்ற நப்பாசையில், எடுக்காமல் நாலு நாள் காத்திருந்தேன்.