புரியாமல் சொன்ன ஓம்

எதற்கும் அவசரப்படாத என் ஆர்வோ அண்ணைக்கு,

இன்று காலை விட்பியிலிருந்து ரயிலில் வரும்போது உங்களைக் கண்டேன். கரையோரம் ஏரி உறைந்து வெள்ளையாகக் கிடந்தது. அதன்மேல் அந்தப் பழைய பழுப்புக் கோட்டோடு, கையை எங்கே வைப்பது என்ற கவலையே இல்லாமல், நீங்கள் பாட்டுக்கு நின்றுகொண்டிருந்தீர்கள். ரயில் ஓடுகிறதா, ஏரிதான் சுழல்கிறதா என்று எனக்குப் பிடிபடவில்லை. அரைத் தூக்கம்தான், ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் கையை ஆட்டினேன். எதிரே இருந்த பெண் பாவம், தனக்குத்தான் என்று நினைத்துச் சிரித்தாள்.

முதலில் இங்கத்தைச் செய்திப் புதினங்கள். அரங்கு இன்னும் டொராண்டோ வெக்ஸ்போர்ட்டில் அதே இடத்தில்தான் இருக்கிறது. ஒரு பக்கம் ரொட்டிக்கடை, மறுபக்கம் கார் சைலென்சர் திருத்துகிற கடை. அங்கே தட்டுகிற சத்தம் மூன்று மணிக்கு ஓயும்வரை நம் காட்சி தொடங்குவதில்லை, இப்போதும் அப்படித்தான். பின்லாந்திலிருந்து உங்கள் மகள் லீசா வந்து ஆறு கிழமையாகிறது. சனிக்கிழமை பின்னேரம் உங்கள் கடைசி நாடகத்தை மறுபடி போடுகிறோம். நீங்கள் போட்ட கிழவர் வேடத்தில் அவள்தான் நடிக்கிறாள். உங்கள் தொப்பி அவளுக்கு அளவெடுத்ததுபோல் இருக்கிறது, அண்ணை.

இந்தக் கடிதத்தை உங்களைத் தெரியாத நம் தமிழ் ஆட்களும் வாசிப்பார்கள் என்பதால், நீங்கள் யாரென்று கொஞ்சம் சொல்லவேண்டும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

பின்லாந்தில் ஓர் ஏரிக்கரையில் பிறந்தீர்கள். அங்கே ஒரு கோடை அரங்கு இருந்ததாம். மேடை அசையாது. சனங்கள் உட்கார்ந்திருக்கும் தட்டுத்தான் சுழலும். ஒரு காட்சிக்கு ஏரி, அடுத்ததற்குக் காடு, அதற்கடுத்ததற்கு ஒரு வீட்டு வாசல். உலகம் தன்னைச் சுற்றி வருகிறது என்று நம்பிய அந்த ஒரு பின்னேரத்துக்காகத்தான் நடிகன் ஆனேன் என்று சொல்வீர்கள். நடிப்புப் படித்து, நகர அரங்கில் சின்னச் சின்ன வேடங்கள் போட்டு, கல்யாணம் முடித்து, வேலை தேடிக் கனடா வந்து, பகலில் சீமெந்து குழைத்தீர்கள். மனைவி குளிர் ஒத்துக்கொள்ளாமல் அல்ல, தனிமை ஒத்துக்கொள்ளாமல் சின்ன லீசாவோடு திரும்பிப் போனார். நீங்கள் போகவில்லை. ஏன் போகவில்லை என்று நானும் கேட்கவில்லை, நீங்களும் சொல்லவில்லை.

டொராண்டோ மேடைகள் உங்கள் உச்சரிப்பைக் கேட்டுவிட்டு ரஷ்ய உளவாளி வேடம் தந்தன. மறுபடி ரஷ்ய உளவாளி. பிறகு ஒரு பிணம். பிணமாக நடித்ததுதான் பிடித்தது, வாயைத் திறக்கத் தேவையில்லை என்பீர்கள். அப்படி அலுத்துப்போன ஒருநாளில்தான் கைவிடப்பட்ட கம்பளக் கிடங்கு ஒன்றை எடுத்து, நடுவில் வட்டமாக ஒரு மரத்தட்டு அடித்து, அடியில் சில்லுகள் பூட்டி, மேலே சனங்கள் உட்கார அறுபது கதிரைகள் வைத்தீர்கள். மோட்டார் கிடையாது. நாலு பேர் கையால் தள்ளவேண்டும்.

தள்ளுகிறவர்களில் முதல் ஆள் செல்வம் அண்ணை. பகலில் பெட்டி அடிக்கிற தொழிற்சாலை, பின்னேரத்தில் உங்கள் தட்டு. நீங்கள் பின்பக்கம் கட்டிய சவுனா என்ற நீராவிக் குளியல் அறையில் முதல்முறை இருத்தப்பட்டபோது அவர் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது. "இப்பிடி வேர்க்கிறதுக்கு ஏனப்பா நான் விசா எடுத்து வந்தனான்?" பிறகு ஒரு ஞாயிறும் தவறவிடவில்லை அவர். உங்களை அண்ணை என்று கூப்பிடத் தொடங்கியதும் அவர்தான். அவரைப் பார்த்து நானும் உங்கள் தங்கச்சியாகத் தொற்றிக்கொண்டேன்.

நான் வந்த கதை உங்களுக்குத் தெரியும். ஆனால் உண்மை தெரியாது. கனடா வந்து எட்டு மாதம். ஆங்கிலத்தில் யார் என்ன கேட்டாலும் "ஓம்" என்று தலையாட்டிவிடுவது எங்கள் ஆட்களின் வழக்கம். இமிகிரேஷன் மேசையில் தொடங்கிய பழக்கம் அது. இல்லை என்றால் இன்னொரு கேள்வி வரும், ஓம் என்றால் விட்டுவிடுவார்கள். ரொட்டிக்கடையில் வேலை கேட்கப் போய்க் கதவு மாறி உங்களிடம் வந்துவிட்டேன். நீங்கள் நீளமாக என்னவோ கேட்டீர்கள். "ஓம்" என்றேன், "யெஸ்" என்றேன். நாடகத்தில் மறந்த வசனத்துக்கு அடியெடுத்துக் கொடுத்துப் பழக்கமா என்று கேட்டீர்களாம்! அடுத்தநாள் கையில் பிரதியோடு, பேச்சு பிடிபடாவிட்டாலும் வாசிக்கத் தெரிந்த ஆங்கிலத்தோடு, திரைக்குப் பின்னால் நிற்கிறேன். இருபத்தேழு வருஷம் அங்கேயே நின்றேன்.

உங்களுக்கு அடியெடுத்துக் கொடுப்பது லேசான வேலை இல்லை. நீங்கள் பேசுவதை விடச் சும்மா நிற்பது அதிகம். முதல் கிழமை நான் பதறிப்போய் மூன்று தரம் வசனத்தை எடுத்துக் கொடுக்க, நீங்கள் மேடையிலேயே திரும்பி என்னைப் பார்த்தீர்கள். பிறகு ஒரு சட்டம் போட்டீர்கள். இடது குதிகால் உயர்ந்தால் வசனம் தேவை. உயராவிட்டால் அது மௌனம், அதில் கை வைக்காதே. அதற்குப் பிறகு நான் உங்கள் முகத்தைப் பார்த்ததே இல்லை. குதிகாலைத்தான் பார்த்தேன்.

இனி வருவதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

அந்தக் கடைசி நாடகம். ஏரிக்கரை வீட்டில் ஒரு கிழவர் படகுக்காகக் காத்திருக்கிறார். முடிவில் சன்னலைப் பார்த்து, "படகு வந்துவிட்டது. கோப்பியை அடுப்பில் வையுங்கள்" என்பார். அவ்வளவுதான். அன்று நீங்கள் சன்னலுக்கு வந்தீர்கள், நின்றீர்கள். நான் குதிகாலைப் பார்த்தேன். உயரவில்லை. காத்திருந்தேன். ஹீற்றர் ஓடி நின்றது, மறுபடி ஓடியது. முன்வரிசையில் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். என்ன அழகான மௌனம் என்று நான் கூட நினைத்தேன், அண்ணை. வெட்கமாக இருக்கிறது.

அப்போது உங்கள் கை கோட்டுப் பையைத் தடவியது. பூட்டிய வீட்டுக்கு முன்னால் திறப்பைத் தொலைத்தவர் தடவுவதுபோல். அது நாடகத்தில் இல்லை. வசனம் மட்டுமா போயிருந்தது? குதிகாலை உயர்த்தவேண்டும் என்ற ஞாபகமே போயிருந்தது. எத்தனை நேரம் உங்களைத் தனியே நிற்கவிட்டேன்?

வசனத்தைச் சொல்ல வாய் வரவில்லை. அறுபது பேர் உங்களைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்பது மட்டுமே எனக்குப் பட்டது. சிவப்பு விளக்கின் பொத்தானை அமத்தினேன். தட்டைத் தள்ளு என்று செல்வம் அண்ணைக்குச் சைகை அது. நேரம் பிழை என்று அவருக்குத் தெரியும். ஆனாலும் தள்ளினார்கள். சனங்கள் மெல்ல மெல்ல உங்களை விட்டுத் திரும்பி, வெறும் வெளிச்சம் விழுந்த வெள்ளைச் சுவரைப் பார்த்தார்கள். பிறகு கைதட்டல் தொடங்கி ஓயவே இல்லை. உங்கள் வாழ்நாளின் சிறந்த முடிவு அதுதான் என்று பத்திரிகையில்கூட வந்தது.

அந்தக் கைதட்டலுக்கு நடுவில் நான் ஓடி வந்து உங்கள் கையைப் பிடித்தேன். நீங்கள் பின்னிஷில் ஒன்று கேட்டீர்கள். "ஓவத்கோ கைக்கி மென்னேத்?" எனக்கு என்ன விளங்கும்? "ஓம் அண்ணை, ஓம்" என்றேன். உங்கள் தோள் இறங்கியது. தொப்பியைக் கழற்றி என்னிடம் தந்தீர்கள்.

பிறகு முதியோர் இல்லம். உங்கள் ஆங்கிலம் ஒவ்வொரு பனிக்காலமாகக் கரைந்துபோய் பின்னிஷ் மட்டும் மிஞ்சியது. புதன்கிழமைகளில் நான் வரும்போதெல்லாம் அதே கேள்வியைக் கேட்டீர்கள். நான் அதே பதிலைச் சொன்னேன். நீங்கள் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டீர்கள். ஆறுதல்படுத்துகிறேன் என்று நினைத்தேன். தாதியிடம் பெருமையாக வேறு சொன்னேன், நான் ஓம் என்றால் அமைதியாகிவிடுவார் என்று.

போன ஞாயிறு ஒத்திகை இடைவேளையில் லீசா கேட்டாள், கடைசிக் காலத்தில் அப்பா ஏதாவது சொன்னாரா என்று. எனக்குத்தான் அது மனப்பாடமாயிற்றே, அப்படியே சொல்லிக் காட்டினேன். கோப்பிக் கோப்பையைக் கீழே வைத்தாள். "எல்லாரும் போய்விட்டார்களா என்று கேட்டிருக்கிறார். நீங்கள் என்ன சொன்னீர்கள்?" என்றாள்.

"ஓம் எண்டு சொன்னனான்."

அதன்பிறகு எதையும் ஒளிக்க மனம் வரவில்லை. சிவப்பு விளக்கு, பிழையான நேரம், பத்திரிகை மெச்சிய முடிவு உங்களுடையதே அல்ல என்பது, எல்லாவற்றையும் அவளிடம் கொட்டிவிட்டேன். "அப்பா எல்லாரும் போய்விட்டார்கள் என்று நம்பிக்கொண்டே செத்திருக்கிறார்" என்று மட்டும் சொன்னாள். கோட்டுகூடப் போடாமல் வெளியே போய், வாகனத் தரிப்பிடத்துப் பனியில் நின்றாள். நான் கண்ணாடிக் கதவுக்கு இந்தப் பக்கம் நின்றேன். என்னை அறியாமல் அவள் குதிகாலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். உயரவில்லை. அதனால் நான் போகவில்லை.

உள்ளே வந்தபோது அவள் பல் கிடுகிடுத்தது. நாடகத்தை நிறுத்திவிடுவாள் என்றுதான் நினைத்தேன். நானே முந்திக்கொண்டேன். "அந்தக் கேள்வியை மேடையில் என்னிடம் ஒருதரம் கேள். நான் வெளியே வருகிறேன்" என்றேன். நான் சொன்னது எனக்கே நம்பமுடியவில்லை. திரையின் மறைவை விட்டு நான் சனங்கள் முன்னால் வந்ததே இல்லையே!

லீசா செல்வம் அண்ணையிடம் திரும்பி, தட்டைப் பின்பக்கமாகத் தள்ளமுடியுமா என்று கேட்டாள். போனவர்களைத் திருப்பிக் கொண்டுவர.

செல்வம் அண்ணை தலையைச் சொறிந்தார். "உது ஒரு பக்கம்தான் சுத்தும், பிள்ளை. பின்னுக்கு ஓடாமல் கீழே ஆர்வோ அண்ணை கட்டை அடிச்சு வைச்சிருக்கிறார்." தட்டுக்கு அடியில் குனிந்து பார்த்தார். "கழட்டுவம். அவர் ஒண்டும் சொல்லமாட்டார். எப்பவாவது சொன்னவரே?"

மூன்று நாளாக அந்தக் கட்டைகளோடு மல்லுக்கட்டினார். இந்த வயதில் தட்டுக்கு அடியில் மல்லாந்து படுத்துக்கொண்டு! என் மகள்தான் கைவிளக்குப் பிடித்தாள். "அம்மா, ஆர் யூ ஷுவர்? உங்களுக்கு ஸ்டேஜ் எண்டாலே பயமெல்லோ" என்றாள். பயம்தான்.

ஆனால் நேற்று முதல்முறையாகத் தட்டு பின்பக்கம் சுழன்றது, அண்ணை. ஆளில்லாத அறுபது கதிரைகள், வெள்ளைச் சுவரை விட்டு மெல்ல மெல்ல எங்களை நோக்கித் திரும்பின. மரம் முனகியது. எங்கோ தண்ணீரில் நிற்பதுபோல் இருந்தது எனக்கு. பிறகு வீட்டுக்குப் போய் நன்றாக அழுதேன்.

நீங்கள் இருந்தபோது சொல்லவேண்டியதைப் பிந்திச் சொல்கிறேன் என்று தெரியும். மன்னிப்பு என்பது உங்கள் பின்னிஷில் எப்படி என்று லீசாவிடம் கேட்கவில்லை. கேட்டால் இன்னொரு சொல்லைப் புரியாமல் சொன்னவளாகிவிடுவேன்.

ஆகவே இதைத்தான் வாக்காகத் தருகிறேன். சனிக்கிழமை பின்னேரம், சைலென்சர் கடைச் சத்தம் ஓய்ந்த பிறகு, நிறைந்த கதிரைகள் ஒருதரம் உங்களை விட்டுத் திரும்பும். உங்கள் தொப்பியோடு லீசா அந்தக் கேள்வியைக் கேட்பாள். நான் வெளிச்சத்துக்கு வந்து கையைப் பிடித்து, எனக்கு முழுக்க விளங்கிய சொற்களில், எல்லாருக்கும் கேட்கும்படி சொல்வேன்:

"இல்லை அண்ணை. ஒருத்தரும் போகேல்லை. திரும்பி வருகினம், பாருங்கோ."

பிறகு கோப்பியை அடுப்பில் வைப்பேன்.

திரைக்குப் பின்னாலிருந்து வெளியே வருகிற
உங்கள் தங்கச்சி,
ரஞ்சி