காவேரிக்கு அடுத்த பெயர்

காவேரி வரைக்கும் வந்து நின்றுவிட்டேன், டீச்சர். கையில் சொம்பு, வாயில் மேற்கொண்டு ஒன்றும் இல்லை. குளிக்கும்போது முதல் சொம்பு ஊற்றும் முன்னால் ஏழு ஆறுகளைக் கூப்பிடுவேனே, கங்கையில் தொடங்கிக் காவேரியில் முடியும் அந்த சமஸ்கிருத மந்திரம், அதைத்தான் இன்று காலையும் சொன்னேன். வாளியில் போர்வெல் தண்ணீரின் துரு வாடை. மந்திரம் முடிந்ததும் சுவருக்கு அந்தப் பக்கம் நீங்கள் தொண்டையைச் செருமுவீர்களே, அதற்காகக் காது காத்திருந்தது. அந்தப் பக்கம் யாரோ டேப் ரிக்கார்டரைப் போட்டார்கள்.

உங்கள் போர்ஷனுக்கு வேறு ஆட்கள் வந்துவிட்டார்கள். பெங்களூரில் மகள் வீட்டில் நீங்கள் கண்ணை மூடி, தை வந்தால் வருஷம். வந்து முகம் பார்க்க என் முட்டி விடவில்லை. இப்போதெல்லாம் பூஜைக்கு உட்கார்ந்தால் எழுந்திருக்கவே ஒரு சாமியைத் தனியாகக் கும்பிட வேண்டியிருக்கிறது.

மூக்கண்டப்பள்ளி லைன் வீட்டுக்கு நாம் குடிவந்த புதிதில் எனக்கு உங்களைப் பிடிக்கவில்லை. பள்ளிக்கூடத்தில் சரித்திரம் நடத்துகிறவர், வீட்டில் கன்னடம் பேசுகிறவர், கோயிலுக்கும் போக மாட்டார், எனக்கு எப்படி ஒத்துவரும் என்று நினைத்தேன். நீங்களே ஒருநாள் குழாயடியில் ஊர் கேட்டீர்கள்.

"பாரூருங்க. ஏரி தெரியுங்களா? பெண்ணையாத்துத் தண்ணிதான் எங்க ஏரிக்கு வரும்."

"அப்ப நம்ம ரெண்டு பேரும் ஒரே தண்ணி, அக்கா. நான் அந்த ஆத்துக்கு மேல் பக்கத்துக்காரி. எங்க ஊரைத் தாண்டித்தான் உங்க ஊருக்கு வருது. நாங்க குளிச்ச தண்ணியைத்தான் நீங்க குடிச்சீங்க!"

அன்றைக்குச் சிரித்த சிரிப்பில்தான் ஒட்டிக்கொண்டோம்.

என் வீட்டுக்காரர் ஷிப்டு முடிந்து வந்து, சட்டையைக்கூடக் கழற்றாமல் சாய்ந்தது காவேரித் தண்ணீர்த் தகராறு சமயம். ஒகேனக்கல் போய்க் காவேரியில் அஸ்தியைக் கரைக்க வேண்டும் என்று இருந்தேன். பஸ் ஓடவில்லை, வண்டிக்காரர் யாரும் வர ஒப்பவில்லை. தமிழ், கன்னடம் என்று ஆளுக்கு ஆள் முறைத்துக்கொண்டு திரிந்த அந்த வாரத்தில், நீங்கள் வெளியே வரவே வேண்டாம் என்றுதான் எல்லாரும் சொன்னார்கள். வந்தீர்கள். பெண்ணையாற்றுக்குள் என் மகன் பானையைக் கவிழ்த்தபோது என் தோளை விடாமல் பிடித்துக்கொண்டு நின்றீர்கள்.

கருமாதிக்கு மத்தூரிலிருந்து வந்த நாத்தனார் பந்தலிலேயே ஆரம்பித்துவிட்டாள். "காவேரி இல்லேன்னா ஒரு வாரம் பொறுக்கக் கூடாதா? மந்திரத்துல பேரே இல்லாத ஆத்துல கரைச்சிருக்கியே, எந்தம்பி எங்க போயிச் சேருவான்?"

அந்தக் கேள்வி எனக்குள் முள்ளாகத் தங்கிவிட்டது, டீச்சர். அமாவாசைக்குப் படைத்துச் சோறு வைத்த பிறகு காக்காய் வரத் தாமதித்தாலே போதும், மனுஷன் இன்னும் வழியில்தான் நிற்கிறாரோ என்று நெஞ்சு அடித்துக்கொள்ளும். ஐயரிடம் கேட்டேன். "மனசுதாம்மா முக்கியம்" என்று சைக்கிளில் ஏறிவிட்டார்.

முறத்தில் அவரைக்காய் வைத்து உங்கள் வாசலில் ஆய்ந்துகொண்டே உங்களிடமும் அழுதேன். நீங்கள் கண்ணைத் துடைத்துவிடாமல் பாடம் எடுத்தீர்கள்.

"அந்த மந்திரம் ஆகாசத்துல இருந்து விழுந்துச்சா, அக்கா?"

"பின்னே? தேவ பாஷை இல்லீங்களா?"

"மனுஷங்க பேசின பாஷை. வடமேற்குல, சிந்து ஆத்துப் பக்கம் மாடு மேச்சவங்க பேசினது. அப்ப எழுத்துகூடக் கிடையாது. அப்பன் சொல்ல மகன் சொல்ல, வாயிலயே காப்பாத்தினாங்க. ரொம்பப் பழைய பாட்டுல எல்லாம் சிந்துவும் சரஸ்வதியும்தான் பெரிய ஆளுங்க. கங்கை எங்கயோ ஒண்ணு ரெண்டு எடத்துல வர்றா."

"கங்கைக்கே அந்தக் கதியா?"

"அவ பின்னாடி வந்த மருமக. வந்து சாவிக்கொத்தை வாங்கிக்கிட்டா."

சிரித்துவிட்டேன். பாவம் என்று உடனே கன்னத்தில் போட்டுக்கொண்டேன்.

"ஜனம் கிழக்கே நகர்ந்துச்சு, பாஷையும் கூடவே நகர்ந்துச்சு" என்றீர்கள். "அப்புறம்தான் இலக்கணம் கட்டி, நல்லா செஞ்சு வெச்சதுன்னு அர்த்தம் வர்ற மாதிரி அதுக்கு சமஸ்கிருதம்னு பேரு வெச்சாங்க. ராஜாங்க கல்லுல வெட்டினாங்க. விந்தியத்தைத் தாண்டி, நர்மதை, கோதாவரின்னு வந்துச்சு. வந்த எடத்துல நம்ம ஆளுங்ககிட்டயும் வார்த்தை வாங்கிக்கிச்சு. கண்ட ஆத்தை எல்லாம் சேத்துக்கிட்டே வந்து, கடைசியா ஏறினவதான் காவேரி."

"அப்ப எங்க ஆத்துக்கு ஸ்டாப்பிங் இல்லீங்களா?"

"கையைக் காட்டுங்க, நிக்கும். நாளைக்குக் குளிக்கறப்ப காவேரிக்கு அடுத்துப் பெண்ணைன்னு சொல்லுங்க. அவங்க எல்லாம் அப்படித்தான் சேத்தாங்க."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "மந்திரத்துல கை வெக்கறதா? வாய் வெந்துபோயிடும்! எம்புருஷன் எங்க நிக்கறாரோன்னு நான் தவிக்கறேன், நீங்க சரித்திரம் நடத்தறீங்க. இன்னொரு தடவை இந்தப் பேச்சை எடுத்தீங்க, உங்க வாசப்படி ஏற மாட்டேன்!" முறத்தைத் தூக்கிக்கொண்டு எழுந்துவிட்டேன். முதுகுக்குப் பின்னால் நீங்கள் என்னவோ சொன்னீர்கள். நான் கதவைச் சாத்தினேன்.

அதற்குப் பிறகு அந்தப் பேச்சை நீங்கள் எடுக்கவே இல்லை. செருமினீர்கள், அவ்வளவுதான். தினமும் என் மந்திரம் காவேரியில் முடிந்ததும் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து ஒரு செருமல். ஒருநாள் ஆத்திரம் தாங்காமல், "சளி புடிச்சிருந்தா ஆஸ்பத்திரிக்குப் போங்க!" என்று கத்தினேன். "சளி இல்லக்கா, சந்தேகம்!" என்று பதில் வந்தது.

பெண்ணையாறு இப்போது நுரைத்துக்கொண்டு வருகிறது. போன மாதம் பஸ்ஸில் பாலத்தைத் தாண்டும்போது எல்லாரும் மூக்கைப் பொத்தினார்கள். நான் பொத்தவில்லை. அதில் அவர் இருக்கிறாரே. கும்பிட்டேன், ஆனால் என்ன பெயர் சொல்லிக் கும்பிடுவது என்று தெரியவில்லை. களைத்துவிட்டேன், டீச்சர். இத்தனை அமாவாசையும் சோறு வைத்துவிட்டு, அவர் சேர்ந்தாரா இல்லையா என்று வானத்தைப் பார்த்துப் பார்த்து எனக்குக் கழுத்து வலிக்கிறது. உங்கள் மகள் உங்களை எந்த ஆற்றில் கரைத்தாள் என்றுகூட நான் கேட்டுக்கொள்ளவில்லை.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போதுதான், அன்றைக்கு நான் முறத்தோடு எழுந்தபோது நீங்கள் பின்னாலிருந்து சொன்னது காதில் வந்து விழுகிறது. "கோவிச்சுக்காதீங்க அக்கா, எங்க ஊர்ல அந்த ஆத்துக்குத் தட்சிண பினாகினின்னு பேரு!" உங்கள் கன்னடப் பேச்சு, எனக்கென்ன என்று விட்டுவிட்டேன். அது கன்னடம் இல்லையே, டீச்சர். தட்சிணம் என்றால் தெற்கு. வியாழக்கிழமை தவறாமல் தட்சிணாமூர்த்திக்கு விளக்கு வைக்கிறவள் நான், எனக்குத் தெரியாதா? பினாகம் சிவன் கையில் இருக்கிற வில். என் வீட்டுக்காரரைக் கரைத்த ஆற்றுக்கு அந்த மந்திரத்தின் பாஷையிலேயே பெயர் இருக்கிறது.