பொறுத்தவர்களுக்கு இரண்டு துண்டு

9 ஜூன் 2003, திங்கள்

புது வேலையில் முதல் நாள். ஜயநகரில் ஒரு மாடியில் நான்கு அறை, அதற்குப் பெயர் ஆராய்ச்சி நிலையம். தலைவி ரமா மேடம். பருத்திப் புடவை, மெதுவான பேச்சு. கோலார் தங்கவயல் சுரங்கத்தை மூடிய பிறகு பெங்களூருக்குப் பிழைக்க வந்த குடும்பங்களில் எந்தப் பிள்ளைகள் முன்னுக்கு வருகிறார்கள், ஏன் வருகிறார்கள் என்று ஐந்து வருடம் தொடர்ந்து பார்க்கப் போகிறார்களாம். வீடு வீடாகப் போய்க் கேள்வி கேட்கத் தமிழும் கன்னடமும் தெரிந்த ஆள் வேண்டும். நான் பி.யு.சி. படித்தவள். அதைவிட, அந்த ஊர்க்காரி. எடுத்துக்கொண்டார்கள்.

வீட்டுக்கு வந்து இவரிடம் சொன்னேன். டூட்டிக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார். பாதி ஆயுசு பூமிக்கு அடியில் இறங்கிய மனிதர், இப்போது காக்ஸ் டவுனில் ஒரு அபார்ட்மென்ட் கேட்டில் நிற்கிறார். "ஏன் முன்னுக்கு வரலன்னு என்னாண்ட கேட்டா நானே சொல்லிட்டுப் போறேன். அதுக்கு இன்னாத்துக்கு அஞ்சு வருஷம்?" என்றார். சிரித்துச் சிரித்து இருமல் வந்துவிட்டது.

28 ஜூன் 2003, சனி

எங்கள் ஜீவனஹள்ளியிலேயே ஒரு பள்ளிக்கூடத்தில் சோதனை. ஒவ்வொரு பிள்ளையாகத் தனி அறையில் உட்கார வைத்து, பேக்கரியில் வாங்கிய, தேங்காய்ப் பூரணம் வைத்த தில்பசந்த் ஒரு துண்டைத் தட்டில் வைப்போம். நாங்கள் வெளியே போய்த் திரும்பும் வரை தொடாமல் இருந்தால் இரண்டாவது துண்டும் உண்டு. தின்றுவிட்டால் அந்த ஒன்றோடு சரி. ஜன்னல் வழியாகப் பார்க்க வேண்டும். ஒரு குட்டி, துண்டை எடுத்து முகர்ந்து திரும்ப வைத்துவிட்டு விரலை மட்டும் நக்கினாள். என்னோடு வேலை பார்க்கும் நோராவுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. ஆஸ்டின் டவுன்காரி, கொஞ்சம் வாய் நீளம், ஆனால் நல்லவள். முக்கால்வாசிப் பிள்ளைகள் கதவைச் சாத்தியதுமே வாயில் போட்டுக்கொண்டன.

வெளிநாட்டில் இதே போலச் செய்து பார்த்தார்களாம். காத்திருந்த பிள்ளைகள் பெரியவர்களானதும் நல்ல மார்க் வாங்கினார்களாம். "இது முழுக்கதை இல்ல மைதிலி, வீட்டையும் பாக்கணும்" என்றார் மேடம். இருக்கட்டும், எனக்குப் பாதிக்கதையே போதும். எங்கள் ஊரில் யார் எதற்குக் காத்திருந்தார்கள்? அதனால்தான் இப்படிக் கிடக்கிறோம்.

14 ஜூலை 2003, திங்கள்

வீட்டில் ரகளை. எங்கள் மகள் மகாவுக்குத் தும்கூரில் இன்ஜினியரிங் சீட் கிடைக்கும் போலிருக்கிறது. அவளோ இங்கேயே ஒரு காலேஜில் த்ரோபால் கோட்டாவில் பி.காம். தருகிறார்கள், வீட்டிலிருந்தே போய் வருகிறேன் என்கிறாள். கோச் கூப்பிட்டுச் சொன்னாராம், மாநில அணிக்கே போகலாம் என்று.

"த்ரோபால் எங்கியும் ஓடிடாது. நாலு வருஷம் பொறு. அப்புறம் உன் இஷ்டம்."

"நாலு வருஷம் கழிச்சு யாரும்மா என்னை டீம்ல சேத்துப்பாங்க?"

இவர் நடுவில் வந்தார். "பொண்ணு ஆசைப்படுது, மைதிலி..."

நீங்கள் சும்மா இருங்கள் என்றேன். சும்மா இருந்தார். அவள் சாப்பிடாமல் படுத்துவிட்டாள். படுக்கட்டும். இப்போது என்னைத் திட்டுவாள், பிறகு கும்பிடுவாள்.

31 ஆகஸ்ட் 2003, ஞாயிறு

மகாவை மெஜஸ்டிக்கில் பஸ் ஏற்றினோம். ட்ரங்குப் பெட்டியை இவர்தான் சுமந்தார், என்னைத் தொடக்கூட விடவில்லை. பஸ் திரும்பிய பிறகும் கையை இறக்கவில்லை. "அவ பாக்கமாட்டா, வாங்க" என்றேன். ஹாஸ்டலில் சேர்ந்ததும் போன் செய்தாள். வீட்டு ஓனர் வீட்டு போன்தான். அப்பாவிடம் பேசினாள். என்னிடம், "சரி, வெச்சிடட்டா?" என்றாள்.

12 ஏப்ரல் 2004, திங்கள்

முதல் செமஸ்டர் எழுபத்தாறு சதவீதம்! ஜீவனஹள்ளி முழுக்கச் சொல்லிவிட்டு வந்தேன்.

7 நவம்பர் 2004, ஞாயிறு

இவருக்கு எக்ஸ்ரே எடுத்தோம். நெஞ்சு முழுக்கச் சுரங்கத்துக் கல்தூசி. டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டுப் பேசினார். எழுதப் பிடிக்கவில்லை.

திரும்பி வரும்போது ஆட்டோவில் இவர் கேட்டார்: "பாப்பாவாண்ட ஒரு வார்த்தை சொல்லி வெச்சிரலாமா?"

மகாவுக்குப் பரீட்சை முடியட்டும் என்றேன். ஜனவரி எவ்வளவு தூரம்? இதோ வந்துவிடும்.

9 ஜனவரி 2005, ஞாயிறு

இவரைப் புதன்கிழமை ஆஸ்பத்திரியில் சேர்த்தது. மூச்சுக்கு இழுக்கிறார். மகாவுக்குப் பரீட்சை தொடங்கிவிட்டது.

துணி எடுக்க வீட்டுக்கு வந்த நேரத்தில் அவள் போன். "அப்பாவ குடு." டூட்டிக்குப் போயிருக்கிறார் என்றேன். "இன்னிக்கு ஞாயித்துக்கிழமை ஆச்சே?" யாரோ லீவு, அவருக்கு டபுள் டூட்டி என்றேன். "ஸ்வெட்டர் போட்டுக்கச் சொல்லு" என்று வைத்துவிட்டாள். இவ்வளவு சுலபமாகப் பொய் வருகிறதே எனக்கு.

15 ஜனவரி 2005, சனி

நேற்றுப் பொங்கல். பக்கத்துக் கட்டிலுக்கு வந்தவர்கள் இவருக்கும் ஒரு ஸ்பூன் ஊட்டினார்கள்.

"பாப்பா எப்ப வரா?"

"பரீட்சை முடிஞ்சதும்."

"எப்ப முடியும்?"

"வெள்ளிக்கிழமை."

விரலை மடக்கிப் பார்த்தார். பிறகு, "சரி, முடியட்டும்" என்றார். ஆனால் கதவு திறக்கும்போதெல்லாம் தலை அந்தப் பக்கம் திரும்புகிறது.

நோரா வெளியே இழுத்துப்போய்ச் சண்டை பிடித்தாள். "தும்கூர் என்ன துபாயா? ரெண்டு மணி நேரம். கூப்பிடு அவளை." இவருடைய அண்ணன் கோவிந்தப்பா மாமா என் பக்கம். "ஒரு பரீட்சை போனா ஒரு வருஷம் போச்சு. நம்ம ஜனத்துல யார் வூட்டுல இன்ஜினியர் இருக்கான்? வாய மூடிக்கினு இரு மைதிலி" என்றார். இதை எல்லா வீட்டிலும்தானே செய்கிறார்கள்? பரீட்சை எழுதுகிற பிள்ளைக்குக் கெட்ட சேதி சொல்வார்களா யாராவது? இன்னும் ஆறு நாள்தான். பொறுக்க முடியாதா.

18 ஜனவரி 2005, செவ்வாய்

விடியற்காலை இவர் போய்விட்டார்.

19 ஜனவரி 2005, புதன்

கல்பள்ளி இடுகாட்டில் அடக்கம். எடுக்கும் முன் கேட்டார்கள், பெண் எங்கே என்று. மாமாதான் பதில் சொன்னார். அவர் சொன்னதும் எல்லோரும் தலையை ஆட்டினார்கள். கெட்டிக்காரி, நெஞ்சுரம் உள்ளவள் என்று என்னைத்தான் சொன்னார்கள். நான் குழிப் பக்கம் பார்க்காமல் நின்றேன்.

22 ஜனவரி 2005, சனி

மகா வந்தாள். படிக்கட்டிலிருந்தே, "அப்பா, பேப்பர் சூப்பரா பண்ணியிருக்கேன்" என்று சொல்லிக்கொண்டே ஏறினாள். உள்ளே வந்து படத்தையும் மாலையையும் பார்த்தாள். பையைக் கீழே வைக்கவே இல்லை.

"எப்போ?"

"செவ்வாக்கிழமை."

"செவ்வாக்கிழமை எனக்குப் பேப்பரே இல்லம்மா. புதன்கிழமையும் இல்ல. ரூம்லதான் இருந்தேன்."

அவளுடைய கால அட்டவணையை நான் ஒருமுறைகூட வாங்கிப் பார்த்ததில்லை. பரீட்சை என்றால் தினமும் பரீட்சை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அட கடவுளே, இன்னா பண்ணிட்டேன் நான்? நாளு கெழம கூடக் கேக்காம...

அழுவாள், அடிப்பாள் என்று எதிர்பார்த்தேன். மாமாவைக் கூட்டிக்கொண்டு கல்பள்ளிக்குப் போய்விட்டு வந்தாள். கை கால் கழுவிக்கொண்டு, "சாப்பாடு இருக்கா?" என்று கேட்டாள். அவ்வளவுதான்.

6 ஏப்ரல் 2005, புதன்

எண்பத்தொரு சதவீதம். யாரிடமும் சொல்லவில்லை.

3 ஜூன் 2006, சனி

மீட்டிங். அன்று தில்பசந்த் வைத்த பிள்ளைகளின் வீடுகளுக்கெல்லாம் போய் வந்துவிட்டோம். உடனே தின்ற பிள்ளைகள் மனவுறுதி இல்லாதவர்கள் இல்லையாம். "அதுகளும் யோசிச்சுத்தான் செஞ்சிருக்கு" என்றார் மேடம். 'நாளைக்கு வாங்கித் தருகிறேன்' என்று சொல்லி வாங்கித் தராத வீடுகள் அவை. இரண்டாவது துண்டு வரும் என்று எதை வைத்து நம்பும்? காத்திருப்பது பிள்ளையின் குணம் மட்டும் இல்லை, சொன்னவர்கள்மேல் அதற்கு இருக்கிற நம்பிக்கை என்றார்.

நான் குனிந்து எழுதிக்கொண்டே இருந்தேன். என் பெண் பொறுத்தாள். பொறு என்று சொன்னபோதெல்லாம் பொறுத்தாள். நான் திரும்பி வந்து என்ன கொடுத்தேன்?

9 ஜூலை 2007, திங்கள்

மகா எலக்ட்ரானிக் சிட்டியில் வேலைக்குச் சேர்ந்தாள். ஹெப்பகோடியில் பெண்கள் பி.ஜி. விடுதியில் தங்கிக்கொள்கிறாள். இங்கிருந்தே கம்பெனி பஸ் இருக்கிறதே என்றேன். "ட்ராஃபிக் மா" என்றாள். மரியாதையாகத்தான் பேசுகிறாள். என்ன கேட்டாலும் பதில் சொல்கிறாள். அவளாக எதையும் சொல்வதில்லை. சண்டையாவது போடக்கூடாதா.

16 பிப்ரவரி 2008, சனி

ஆராய்ச்சி அறிக்கை வெளியீடு. ஒரு காலேஜ் ஹாலில். முன்னுக்கு வந்த பிள்ளைகளில் மூன்று பேரைப் பேச அழைத்திருந்தார்கள். ஒருத்தி மகா. வரமாட்டாள் என்று நினைத்தேன். வந்தாள். ஆங்கிலத்தில் அழகாகப் பேசினாள். எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது.

கேள்வி நேரத்தில் ஒரு பெரியவர் எழுந்து, உங்கள் வெற்றிக்குக் குடும்பம் எப்படித் துணையாக இருந்தது என்று கேட்டார். அவள் என்னைப் பார்க்கவில்லை. அதற்கு மட்டும் தமிழில் பதில் சொன்னாள்.

"மூணாவது செமஸ்டர் பரீட்சை நடுவுல எங்கப்பா இறந்துட்டாரு. என் படிப்பு கெட்டுடக்கூடாதுன்னு எங்கம்மா எனக்குச் சொல்லல. எல்லாம் முடிஞ்சு வீட்டுக்கு வந்தப்புறம்தான் தெரியும். அந்த செமஸ்டர்லதான் எனக்கு ஹையஸ்ட் மார்க்."

ஹால் முழுக்கக் கைதட்டல். எப்படிப்பட்ட தாய் என்று பின்னால் யாரோ சொன்னார்கள். தலைமை தாங்கியவர் என்னை எழுந்து நிற்கச் சொன்னார். நின்றேன். இன்னும் பலமாகத் தட்டினார்கள். நோரா தட்டவில்லை. மேடமும் தட்டவில்லை. மகா மேடையில் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தாள்.

டீ நேரத்தில் தேடினேன். போய்விட்டாள்.

17 ஆகஸ்ட் 2008, ஞாயிறு

மகாவைக் கம்பெனியில் அமெரிக்கா அனுப்புகிறார்கள். இரண்டு வருடம். 25ஆம் தேதி, திங்கட்கிழமை விமானம். அவளுடைய பேட்சில் அவள் ஒருத்திக்குத்தான். சொல்லும்போது குரலில் பழைய மகா கொஞ்சம் எட்டிப் பார்த்தாள்.

எனக்கு இடது மார்பில் இருக்கிற கட்டியைப் பற்றி நோராவுக்கு மட்டும் தெரியும். டெஸ்ட் முடிவு வியாழன் வரும். ஒன்றுமில்லாமலும் இருக்கலாம்.

21 ஆகஸ்ட் 2008, வியாழன்

கேன்சர்தான். இந்த மாதத்துக்குள் அறுத்து எடுக்க வேண்டுமாம்.

நேற்றுத்தான் விவரம் சொல்லித் துணைக்கு அழைத்திருந்த கோவிந்தப்பா மாமா வராந்தா பெஞ்சில் தலையில் கை வைத்து உட்கார்ந்தார். பிறகு சொன்னார்: "நாலு நாள்ல பிளேன் ஏறப்போவுது பொண்ணு. போயி சேரட்டும். அப்பால சொல்லிக்கலாம். தெரிஞ்சா போவாது. எப்பேர்ப்பட்ட சான்ஸ்."

அவர் கெட்ட மனிதர் இல்லை. எனக்கும் அதுதான் முதலில் தோன்றியது. போய்ச் சேரட்டும் என்றுதான். அன்று இவர் படுத்திருந்தபோதும் இதையேதான் நினைத்தேன்.

எழுந்து வெளியே வந்தேன். ஆஸ்பத்திரி வாசல் கடையில் காசு போடுகிற போன் ஒன்று தொங்குகிறது. பத்து ரூபாய்க்குச் சில்லறை வாங்கிக்கொண்டேன். இத்தனை வருடத்தில் வேலை நேரத்தில் அவளைக் கூப்பிட்டதே இல்லை.

"இன்னாமா, இந்த நேரத்துல? எதாச்சும் அவசரமா?"

ஆமாம் என்றேன். சுற்றி வளைக்கவில்லை. கட்டி, டெஸ்ட், கேன்சர், ஆபரேஷன் எல்லாவற்றையும் சொன்னேன். நீ போவதும் போகாததும் உன் முடிவு, ஆனால் தெரிந்துகொண்டு முடிவு செய் என்றேன்.

"எப்ப தெரிஞ்சுது உனக்கு?"

"இப்பத்தான். இன்னும் ஆஸ்பத்திரி வாசல்லதான் நிக்கிறேன்."

அழ ஆரம்பித்தாள். அலுவலகம் என்றுகூடப் பார்க்காமல், வாய்விட்டு. மூன்றரை வருடமாக என் எதிரில் ஒரு சொட்டுக் கண்ணீர் விடாதவள். எனக்காக அழவில்லை. அப்பா, அப்பா என்றுதான் அழுதாள்.

நான் அழாதே என்று சொல்லவில்லை. போன் கீச்சிடும்போதெல்லாம் ஒரு காசைப் போட்டேன். எனக்குப் பின்னால் காத்திருந்த ஆள், முடிந்துவிட்டதா அம்மா என்று கன்னடத்தில் கேட்டான். இன்னும் இல்லை என்றேன்.