கடைசித் தொட்டித் தேளி

4.3.2003
நாளை மறுநாள் ஜெர்மனியிலிருந்து துணி வாங்கும் பையர் வருகிறார், கழிவுத் தண்ணீர் சுத்தமாகிறதா என்று பார்க்க. எங்கள் சாயப்பட்டறையின் கடைசித் தொட்டியில் விட்ட கெண்டைக் குஞ்சுகள் நேற்றும் செத்தன, இன்றும் செத்தன. திருமூர்த்தி முதலாளி எட்டிப் பார்த்தார். "ராபின், உசுரோட நாலு மீன் நீந்தோணும். அது உம்பட பொறுப்பு" என்றார். எட்டு வருடமாகச் சுத்திகரிப்புத் தொட்டிகள்தான் என் பொறுப்பு. இப்போது மீனும்.

5.3.2003
எங்கள் ஊர் ஸ்ரீவைகுண்டத்திலிருந்து தம்பி ஈரச்சாக்கில் ஆறு தேளி மீன் கொண்டுவந்தான். பார்க்கக் கெளுத்தி மாதிரி இருக்கும். ராத்திரி முழுக்க பஸ். ஆறும் உயிரோடு. தேளிக்கு உடம்புக்குள் காற்றுப்பை உண்டு. மேலே வந்து மூச்சு வாங்கிக்கொள்ளும், தண்ணீர் எக்கேடு கெட்டால் அதற்கென்ன. கெளுத்திக் கூட்டம் பெரிது. தேளி சின்னக் குடும்பம், நாலைந்து வகைதான் என்று எங்கோ படித்தேன். சொந்தபந்தம் குறைவு, தொந்தரவும் குறைவு.
தொட்டியில் விடும்போது ஒன்று முள்ளால் கட்டைவிரலில் கொட்டியது. முழங்கை வரை கடுத்து, பிறகு மரத்துவிட்டது.

6.3.2003
பையர் மீனைப் படம் எடுத்தார். ஆர்டர் உறுதி.

19.3.2003
பின்காட்டுச் சுப்பாத்தாள் அம்மா வந்தார். ஒற்றை எருமையை வைத்து ஊத்துக்குளியில் வெண்ணெய் விற்றுப் பிழைப்பவர். கிணறு வற்றிவிட்டதாம்.
"ஏனுங்க தம்பி, இந்தத் தண்ணிய எருமைக்குக் காட்டலாமுங்களா?"
தொட்டியைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது. "அட, கெளுத்திங்களா! நொய்யல்ல நல்ல தண்ணி ஓடுனப்பக் கெடந்ததுங்க. கெளுத்தி கெடந்தாத் தண்ணி சுத்தமுங்க."
முதலாளி பத்தடி தள்ளி நின்றார்.
"ஆமாங்க" என்றேன்.
எதற்கு ஆமாங்க? அது கெளுத்தி இல்லை. மீசை மட்டும்தான் ஒன்று.

20.3.2003
கடைசித் தொட்டியிலிருந்து எருமைக்கு முதலாளியே பைப் போட்டுக் கொடுத்துவிட்டார். விரல்நுனி இன்னும் மரப்பாகவே இருக்கிறது.

2.4.2003
நாளைக்குச் சொல்லிவிட வேண்டும்.

3.4.2003
சொல்லவில்லை.

27.4.2003
எருமை செத்துவிட்டது. நிறைசினை.
பார்க்கப் போனேன். "வெயில் வாட்டிருச்சுங்க தம்பி. தண்ணி மேல குத்தமில்லீங்க, கெளுத்தியெல்லாம் நல்லாத்தானுங்களே இருக்குது" என்றார். எனக்கு ஆறுதல் சொல்கிறார்!
எனக்கு என்னத்த தெரியும்— தெரியும்லா. எல்லாம் தெரியும்லா எனக்கு.
அழுகை வரவில்லை. மத்தியானம் சாப்பிட்டேன். ரசம் நன்றாக இருந்தது.

4.8.2003
சுப்பாத்தாள் அம்மாவைப் பட்டறையில் கூட்டிப் பெருக்கும் வேலைக்குச் சேர்த்திருக்கிறார்கள். முதலாளி பெரிய மனசுக்காரர் என்று எல்லோரும் சொன்னார்கள். நானும் தலையாட்டினேன். மீனுக்குச் சோறு போடுவதும் அந்த அம்மாதான். "வாங்க கண்ணுகளா" என்று கூப்பிடுகிறார்.

11.8.2003
மத்தியானம் குடத்தில் தண்ணீர் தீர்ந்துவிட்டது. சுப்பாத்தாள் அம்மா தூக்குச்சட்டி மூடியைத் தொட்டியில் முக்கி, வாயருகே கொண்டுபோனார்.
"ஐயோ, குடிக்காதீங்க!" என் குரல் பட்டறை முழுக்கக் கேட்டிருக்கும்.
மூடியைக் கீழே வைத்தார். மீனைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.
"அப்ப எருமைக்குங்க?" என்றார்.

12.8.2003
சுப்பாத்தாள் அம்மா வேலைக்கு வரவில்லை. மீனுக்கு நான்தான் சோறு போட்டேன். ஆறும் மேலே வந்தன.