மா சான் சொன்ன கதையில் அவள் சாகவில்லை

என் உயிரான மா சான் அக்கா,

அங்கேயும் சூரியகாந்தி விதை கொறித்துக்கொண்டுதான் இருப்பாய். உன்னோடு எனக்கு ஒரு சண்டை இருக்கிறது. அதற்காகத்தான் எழுதுகிறேன்.

நம் நடிகையை நினைவிருக்கிறதா? ஆறே படம் நடித்துவிட்டுத் திரையை விட்டுப் போன அந்தச் சீனப் பெண். அதில் ஐந்தை லான்மடாவ் கொட்டகையில் பகல் காட்சியில் ஒன்றாகப் பார்த்தோம். சீன வீட்டுப் பெண்ணான நீ, எங்கள் கடைக்கு வந்து வந்து கற்ற தமிழில், வசனத்தையெல்லாம் என் காதில் சொல்லுவாய். அவள் மூச்சுவிடாமல் பேசுவாள், நீ இரண்டு சொல்லில் முடிப்பாய். கேட்டால், "சீனம் நீளம், தமிழ் கட்டை. பேசாம படத்தைப் பாரு" என்பாய்.

மூன்றாவது படத்தில் இருமி இருமிப் படுத்துவிடுவாள். கடைசியில் காலிக் கட்டிலருகே ஒரு டாக்டர் காதலனிடம் நெடுநேரம் பேசுவார். நான் விசும்பினேன். "அழாதே ஞீமா, தாய்வீட்டுக்குப் போயிருக்கா" என்றாய். பர்மிய மொழியில் தங்கையைக் கூப்பிடும் அந்தச் சொல்லை உன்னைப்போல் யாரும் சொன்னதில்லை.

போன வாரம் அந்தப் படம் கைபேசியில் கிடைத்தது, அடியில் பர்மிய எழுத்தோடு. அக்கா, அவள் செத்துப்போகிறாள். மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போட்டிருக்கிறாய். உன் மகளிடம் கேட்டதற்குச் சிரித்தாள்.

"படத்துல பேசற மாண்டரின் அம்மாவுக்கு எங்கே தெரியும் ஆன்ட்டி? வீட்ல பேசறது ஹொக்கியன் சீனம்தானே."

சீனம் என்றால் எல்லாம் ஒன்றுதான் என்று இத்தனை வருஷம் நினைத்திருந்தேன். நானும் சிரித்துக்கொண்டேதான் வீடு திரும்பினேன். செருப்பைக் கழற்றும்போது நீ படுத்திருந்த ஆஸ்பத்திரி நினைவு வந்தது.

அன்றைக்கும் டாக்டர் உன்னிடம் நெடுநேரம் பேசினார். வெளியே காத்திருந்த எனக்கு நீ சொன்னது, "நாலு நாள்ல வீட்டுக்கு விட்டுருவாங்க." அவ்வளவுதான். அதை நம்பி இன்சீனுக்கு, மகன் வீட்டுக்கு, ரயிலேறினேன். மூன்றாம் நாள் உன் மகள் போனில் கூப்பிட்டு, நீ போய்விட்டாய் என்றாள்.

அன்றாவது உண்மையைச் சொல்லியிருக்கக் கூடாதா? உன் கையைப் பிடித்துக்கொண்டாவது உட்கார்ந்திருப்பேனே. கோபமாக வருகிறது. ஆனால் கொட்டகை இருட்டில் நீ என் அழுகையை நிறுத்தியதும் கூடவே நினைவுக்கு வருகிறது. அப்புறம் யாரைக் கோபிப்பது?

அவள் ஏன் ஆறு படத்தோடு நிறுத்தினாள் என்று இன்றும் யாருக்கும் சரியாகத் தெரியவில்லையாம். கல்யாணம் கட்டிக்கொண்டு எங்கோ துணிக்கடை வைத்திருக்கிறாள் என்று நீ சொன்னாய். நான் அதையே வைத்துக்கொள்கிறேன்.

நம் ஊருக்கு வராமலே போன ஆறாவது படமும் கிடைத்திருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் உன் மகள் வீட்டுக்கு வருவேன். உன் புகைப்படத்துக்கு முன்னால் விதைப் பொட்டலத்தைப் பிரித்து வைத்துவிட்டு, சத்தத்தை நிறுத்தி, அடியில் வரும் எழுத்தைக் கையால் மறைத்துக்கொண்டு பார்ப்பேன். இந்தத் தடவை கதையை நான் சொல்கிறேன், நீ கேள். கட்டில் காலியாக இருந்தால், அவள் தாய்வீட்டுக்குத்தான் போயிருப்பாள்.

உன் பேச்சை இன்றும் நம்புகிற ஞீமா,
மைமூன்