வறண்ட தீவுக்குக் கட்டிய வீடு

பெயாவிஸ்தா, 4 ஜூலை 1988

அன்புள்ள லிசாந்த்ரோ அண்ணாவுக்கு,

அப்பா நம் வீட்டுக் கம்பிவலையைப் பலகை வைத்து ஏன் அடைக்கவில்லை? பக்கத்துத் தீவான பால்த்ராவில் இருந்த அமெரிக்க விமானத்தளத்தின் வரலாற்றை ஆறு வருடமாக எழுதுகிறேன். இதற்கு மட்டும் என்னிடம் பதில் இல்லை.

மற்றதெல்லாம் எழுதியாயிற்று. மழையே காணாத அந்தப் பாறைத் தீவில் அமெரிக்கச் சிப்பாய்கள் வராத எதிரிக்காகக் காத்துக்கிடந்த கதை. போர் முடிந்து அவர்கள் போனதும் நம் ஆட்கள் அவர்கள் தங்கிய மர விடுதிகளைக் கழற்றி, பலகைக்குப் பலகை எண் எழுதிப் படகில் ஏற்றிய கதை. வெக்கைக்காகச் சுவரின் மேல்பாதியை வலையாக விட்ட கட்டடம் அது. ஆறு மாதம் தூறல் ஓயாத இந்த மலையில் அப்பா அதை அப்படியே நம் வீடாக நிறுத்திவிட்டார்.

அடுத்த தோட்டத்துப் பெரியவர் தொன் செகுந்தோவைக் கேட்டேன்.

"அப்பவே சொன்னேன்மா, 'டேய், இது வீடா கோழிக்கூண்டா?'ன்னு. 'அமெரிக்க என்ஜினியருக்குத் தெரியாதது உனக்குத் தெரிஞ்சிருச்சாக்கும்'னு என் வாயை அடைச்சிட்டான்."

ஒரே சாட்சி. முழுக்க நம்பத் தயக்கமாக இருக்கிறது.

நீ அனுப்பிய வீட்டு விற்பனைப் பத்திரம் வந்தது. கையெழுத்திடுகிறேன். வாங்குபவர் இடிப்பதற்கு முன் நீ ஒரு ராத்திரி இங்கே தங்க வேண்டும், அவ்வளவுதான். அம்மா போனபின் இருபத்தாறு வருடமாக நீ வரவில்லை. தூறல் மாதங்களில் இங்கே பேச ஆள் குறைவு.

உன் தங்கை,
ஒதிலா

குவாயாகில், 19 ஜூலை

அன்புத் தங்கை ஒதிலாவுக்கு,

முழங்காலைத் தவிர மற்றபடி நலம். உன் வரலாற்றில் இதையும் சேர்த்துக்கொள்: அந்த வலைக்குள் அடித்த சாரலில், ஈரப் போர்வைக்குள் அம்மா மூன்று வருடம் இருமினாள். நான் தலைமாட்டில் தார்ப்பாயைப் பிடித்துக்கொண்டு நின்றேன். நீ தலைநகரில், கீத்தோவில் படித்துக்கொண்டிருந்தாய்.

இருந்தாலும் வருகிறேன். ஆகஸ்ட் 12, காலை விமானம். பத்திரத்தோடு பால்த்ராவுக்கு வந்துவிடு, ஆராய்ச்சிக்காரி. காப்பி மட்டும் உன் கையால் வேண்டாம்.

அண்ணன்,
லிசாந்த்ரோ

பெயாவிஸ்தா, 11 ஆகஸ்ட்

அன்புள்ள அண்ணா,

இதைத் தபாலில் போடவில்லை. நாளை உன் கையில் தருவேன். நேரில் சொல்ல எனக்கு வராது.

அம்மாவுக்கு முடியவில்லை என்று நீ எழுதியபோது, தேர்வு இருக்கிறது என்று பதில் போட்டேன். தேர்வு முடிந்து அப்போது பத்து நாளாகியிருந்தது. இந்த வீட்டுக்குத் திரும்பப் பயமாக இருந்தது.

உன் அறையின் வலையை நேற்றுப் பலகை அடித்து மூடினேன். ஆணி எடுத்துக் கொடுத்த தொன் செகுந்தோ, "இடிக்கப்போற வீட்டுக்கு எதுக்கும்மா இதெல்லாம்?" என்றார். "ஒரு ராத்திரிக்கு" என்றேன். போர்வை காய்ந்திருக்கிறது.

ஒதிலா

12 ஆகஸ்ட், இதே தாளில்

விமானம் பத்து நாற்பதுக்கு இறங்கியது. நீ ஓடுபாதையோரக் கொட்டகையைத் தாண்டவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டு, "முடியலடி. இதுக்கு மேல கால் வரமாட்டேங்குது" என்றாய். பத்திரத்தைச் சுவரில் வைத்துக் கையெழுத்திட்டேன். பதினொன்று ஐம்பதுக்கு அதே விமானத்தில் திரும்பிப் போனாய். இந்தக் கடிதத்தை நான் கொடுக்கவில்லை.